ஒரு நிமிஷம் சும்மா இருங்க

அந்த போனைக் கொஞ்சம் பைக்குள்ள வச்சிடுங்க சார். தப்பா எடுத்துக்காதீங்க. நீங்க தேயிலைத் தோட்டத்தைத்தான் படம் பிடிக்கிறீங்கன்னு தெரியுது. ஆனா இந்த பஸ்ல ஜன்னலோரம் உக்காந்திருக்கிறது நான். தோட்டம் விழுற படத்துல என் மூக்கும் விழும். அது அப்புறம் எங்க போகும், யார் யார் பார்ப்பாங்கன்னு உங்களுக்கும் தெரியாது, எனக்கும் தெரியாது. பட்டவன் சொல்றேன்.

வச்சிட்டீங்களா? சந்தோஷம். எதுவரைக்கும்? கோயமுத்தூரா? நானும் அங்கதான். வக்கீலைப் பார்க்கப் போறேன். நீங்க பத்திரிகைக்காரர் இல்லையே? மருந்துக் கம்பெனி ரெப்பா... சரி. பையைப் பார்த்தா அப்படித்தான் இருக்கு. என்னைப் படம் எடுக்க வந்த அம்மாவும் இப்படி ஒரு கறுப்புப் பையைத் தோள்ல மாட்டிக்கிட்டுத்தான் வந்துச்சு, அதனால கேட்டேன்.

கோத்தகிரி பஜார்ல ஜெய்ஹிந்த் பேக்கரின்னு கேட்டுப் பாருங்க, சின்னப் பிள்ளையும் கை காட்டும். அது நம்ம கடைதான். என் பேரு சுதந்திரராஜன். பேரைக் கவனிச்சீங்களா? எங்கப்பா தியாகி. வெள்ளைக்காரனை எதிர்த்து ஜெயிலுக்குப் போனவரு. எந்த ஜெயிலுன்னு கேக்காதீங்க, அந்தக் காலத்துல ஜெயிலெல்லாம் ஒண்ணு போலத்தான் இருந்துச்சு.

வியாபாரிகள் சங்கத் தலைவரும் நான்தான். ஆகஸ்ட் பதினஞ்சுக்கு பஜார்ல கொடி ஏத்துறது என் கைதான், வேற கை கயித்தைத் தொட்டது கிடையாது. கொடிக்குள்ள பூவைப் பொதிஞ்சு முடிச்சுப் போடறது லேசுப்பட்ட வேலை இல்லை சார். இறுக்கிட்டா சிக்கிக்கும், தளர விட்டா ஏறும்போதே கொட்டிடும். என் முடிச்சு ஒரு வருஷம்கூட ஏமாத்தினதில்லை. அடுத்த மாசம் மறுபடி ஆகஸ்ட். இந்த வருஷம் அந்தக் கயிறு என் கைக்கு வருமான்னுதான் கவலையே. அதுக்குத்தான் வக்கீல். ஒரு படத்துலேருந்து ஒரு நிமிஷத்தை வெட்டி எடுக்கணும். ஒரே ஒரு நிமிஷம். அதை எடுத்துட்டா நான் பழைய சுதந்திரராஜன்.

கேக்கறீங்களா? தூக்கம் வந்தா தூங்குங்க. மேட்டுப்பாளையம் வரைக்கும் வளைவுதான், தூக்கம் எங்க வரும்.

போன வருஷம் ஆகஸ்ட் மாசம் பிரமிளான்னு ஒரு அம்மா வந்துச்சு. நாப்பத்தஞ்சு வயசு இருக்கும். முன்னாடி பெரிய பத்திரிகையில நிருபரா இருந்துச்சாம். அந்த வேலையை விட்டுட்டு டாகுமெண்டரிப் படம் எடுக்குதாம். அங்கயே எனக்கு இடிச்சுது. நல்லா ஓடிக்கிட்டிருக்கிற வேலையை எவனாவது காரணமில்லாம விடுவானா? விட்டான்னா ஒண்ணு, துரத்தியிருக்கணும். இல்லைன்னா, வேற யாரோ கூப்பிட்டிருக்கணும். யாரு கூப்பிட்டது? அதைக் கேட்டா சிரிக்குது.

"சார், உங்களைப் பத்தி நிறையக் கேள்விப்பட்டேன். நீங்க கொடி ஏத்துறதைப் படம் எடுக்கணும்"னுச்சு. சரி, நல்ல விஷயம்தானேன்னு, "என்ன படம்மா?"ன்னு கேட்டேன். "நாடு, தேசியம், அரசியல் பத்தி சார். ஒருத்தரை இந்த நாட்டுக்காரர்னு யாரு முடிவு பண்றாங்க, அதைப் பத்தி"ன்னுச்சு.

யாரு முடிவு பண்றாங்கன்னா? இது என்ன கேள்வி? "பிறந்தா முடிஞ்சு போச்சும்மா"ன்னேன்.

"எங்க பிறந்தா சார்?"

பார்த்தீங்களா, எங்க வந்து நிக்குதுன்னு! படத்துக்குப் பேரு என்ன தெரியுமா? 'இந்தியர் எனப்படுவோர்'. எனப்படுவோராம். இந்தியர்னு சொன்னாப் போதாதா? சந்தேகத்தைத் தூக்கிப் பேருலயே வச்சிருக்கு. சந்தேகப்படற ஜனங்களை எனக்குப் பிடிக்கவே பிடிக்காது சார்.

அன்னைக்கே போலீஸ் ஸ்டேஷனுக்குப் போனேன். எஸ்.ஐ. நல்ல மனுஷன். "ஐயா, முறைப்படி அனுமதி வாங்கித்தான் எடுக்கிறாங்க. நீங்க எதுக்குப் பயப்படறீங்க?"ன்னாரு. பயமா! எனக்கா! நாட்டுக்காக வந்து கேட்டேன்யான்னு சொல்லிட்டுத் திரும்பிட்டேன். ஆனா வர்ற வழியெல்லாம் யோசனை. நான் பயப்படறேன்னு இவருக்கு எப்படித் தோணுச்சு? அந்தம்மா ஏதாவது சொல்லி வச்சிருக்குமோ?

மறுநாள் கடைக்கு வந்துச்சு. கூட ஒரு கேமராக்காரரு, தாடி வச்ச ஒரு சவுண்டுக்காரரு. சும்மா பேச்சுக் கொடுத்தேன். "இதுக்கு முன்னாடி எங்க படம் பிடிச்சீங்கம்மா?" "வடக்க எல்லைப் பக்கம் கொஞ்சம் எடுத்தோம் சார். அப்புறம் இலங்கையில, மலையகத்துல. ஹட்டன் பக்கம்."

கையில இருந்த பன் தட்டைக் கீழ வச்சுட்டேன். வழுக்குச்சு, அதனால வச்சேன்.

அந்தக் கதை உங்களுக்குத் தெரியுமில்ல? இந்தியா, இலங்கை ரெண்டு அரசாங்கமும் உக்காந்து ஒப்பந்தம் போட்டு, இத்தனை பேரு உனக்கு, இத்தனை பேரு எனக்குன்னு தோட்டத்து ஜனங்களைப் பங்கு பிரிச்சுக்கிட்டாங்க. ஒரே வீட்டுல பாதிப் பேரு இந்தியாவுக்கு, பாதிப் பேரு அங்கயே. வந்தவங்க கப்பல்ல ராமேஸ்வரம் இறங்கி, ரயிலேறி, மறுபடி மலையேறி, மறுபடி அதே தேயிலை. எங்க ஊர் ஓரத்துலயே சிலோன் காலனின்னு ஒண்ணு இருக்கு. நல்ல ஜனங்கதான். அவங்களோட நான் வியாபாரம் மட்டும்தான் வச்சுக்குவேன். பேச்சு வச்சுக்க மாட்டேன். பேச ஆரம்பிச்சா அப்புறம் நிறுத்த முடியாது.

கூடலூர்ப் பக்கம் எனக்குத் தெரிஞ்ச ஆள் ஒருத்தன் இருந்தான் சார். வாலிப வயசு. பேக்கரி வேலை தெரிஞ்சவன். கடை போட இடம் கேட்டுப் போனா, "நீ சிலோனா?"ம்பாங்க. பொண்ணு கேட்டுப் போனா, "சிலோனா?" எங்கயாவது ஏதாவது நடந்துச்சுன்னா முதல்ல அவன் மூஞ்சியைத்தான் பார்ப்பாங்க. அந்தக் கரையில இருந்தவரைக்கும் அவனை 'இந்தியாக்காரா'ன்னு ஏசினாங்க. கப்பல்ல ஏறினப்ப இந்தியாக்காரன், இறங்கினப்ப சிலோன்காரன். நடுவுல தண்ணியில என்ன நடந்துச்சுன்னு அவனுக்கே தெரியல. ஒரு நாள் பஸ் ஏறி வேற ஊர்ல இறங்கினான். எவனோ "எந்த ஊருப்பா?"ன்னு கேட்டான். "முசிறிப் பக்கம்"னான். அவ்வளவுதான். அவனோட பாட்டனுக்குப் பாட்டன் அங்கிருந்துதானே கப்பலேறினாரு? அதுல பொய் எங்க இருக்கு? இது சும்மா உதாரணத்துக்குச் சொன்னது. அவன் யாரு, இப்ப எங்கன்னு கேக்காதீங்க. எனக்குத் தெரியாது.

எனக்கு முசிறிப் பக்கம். தொட்டியம். பிரமிளா கேட்டுச்சுன்னு அதைத்தான் சொன்னேன். உடனே அது முகமெல்லாம் பல்லா, "அய்யோ சார், எனக்கும் தொட்டியம்தான்! நீங்க எந்தத் தெரு?"ன்னுச்சு.

நம்புவீங்களா சார்? இவ்வளவு பெரிய நாட்டுல, வேற ஊரே கிடைக்காம, என்னை மடக்கறதுக்குன்னே போய் தொட்டியத்துல பிறந்திருக்கு. "கோவில் தெரு"ன்னேன். எல்லா ஊர்லயும் ஒரு கோவில் தெரு இருக்கும்ல? "எந்தக் கோவில் சார்?"ன்னுச்சு. "அடுப்புல ரொட்டி தீயுது"ன்னு உள்ள போயிட்டேன்.

திரும்பி வந்து பார்த்தா, அந்தம்மா கையில முதலை பன். அது நம்ம கடை ஸ்பெஷல். முதலை மாதிரி நீளமா, வால் கூரா, மேல சீனி தூவி இருக்கும். அதாவது சர்க்கரை. பிள்ளைங்க உயிரை விடும். நானாக் கண்டுபிடிச்சதுன்னுதான் எல்லார்கிட்டயும் சொல்லியிருக்கேன். அந்தம்மா ஒரு வாய் கடிச்சுது. மென்னுச்சு. அப்படியே என்னையே பார்த்துச்சு.

"சார், இதை நான் ஹட்டன்ல சாப்பிட்டிருக்கேன். அங்க எல்லா பேக்கரியிலயும் இருக்கு. இந்தியாவுல இப்பத்தான் பார்க்கிறேன்."

"அந்த ஊர்க்காரன் என்கிட்டயிருந்து திருடியிருப்பான்"னேன். ஒரு பன்னைத் தின்னா தின்னுட்டுப் போகணும். அதுக்குப் போய் பூர்வீகம் விசாரிக்கிறதா? இதுதான் படிச்சவங்க புத்தி.

அப்பவே துரத்தி விட்டிருக்கலாமேன்னு கேக்கறீங்க. உங்க பார்வையிலேயே தெரியுது. துரத்தலாம்தான். ஆனா நான் பேச வேண்டியது நிறைய இருந்துச்சு சார். நாடுன்னா என்ன, கொடின்னா என்ன, கட்டுப்பாடுன்னா என்னன்னு மனசுல அவ்வளவு வச்சிருந்தேன். படத்துல பேசினா நாலு பேரு கேப்பாங்க. இன்னொண்ணு, அப்படிப்பட்ட ஆளைக் கண்காணிப்புல வச்சுக்கறதுக்கு, பக்கத்துல உக்காத்தி வச்சுப் பேசறதை விட நல்ல வழி எது? அதனால சரின்னேன். இடத்தையும் நானே சொன்னேன். கடைக்குள்ள, நம்ம போர்டுக்கு நேர் கீழ. போர்டுல கடைப் பேரு, என் செல் நம்பர் எல்லாம் பளிச்சுன்னு விழணும், விளம்பரத்துக்கு ஆகும்னேன். அந்தம்மா, "நம்பர் தெரிய வேண்டாமே சார்"னுச்சு. எதுக்கு வேண்டாம்ங்குது, இதுல ஏதோ இருக்குன்னு, கண்டிப்பாத் தெரியணும்னு ஒத்தைக் கால்ல நின்னேன்.

பேசினேன் சார். காலையில உக்காந்தவன் மத்தியானம் வரைக்கும் பேசினேன். சட்டைக் காலர்ல மைக்கைச் சொருகி விட்டாங்க. கோகிலம், என் சம்சாரம், உள்ள இருந்து கேட்டுட்டுக் கண்ணைத் துடைச்சுக்கிட்டா. அப்படிப் பேச்சு. அந்தம்மா ஒரு தடவைகூடக் குறுக்க பேசல. அதுவே தப்பு. ஒத்துக்கிட்டா ஆமாங்கணும், இல்லைன்னா இல்லைங்கணும். சும்மா தலையை ஆட்டிக்கிட்டு இருந்தா என்ன அர்த்தம்?

எல்லாம் முடிஞ்சப்புறம், "சார், ஒண்ணு காட்டலாமா? பிடிக்கலைன்னா நிறுத்திடறேன்"னு லேப்டாப்பைத் திருப்பி வச்சுது. அதுல ஒரு பொம்பளை. அறுபது தொடுற வயசு, ஆனா எழுபதுன்னு சொல்லலாம். மலைக் குளிர்ல வேலை செஞ்ச உடம்பு அப்படித்தான் ஆகும். லயத்து வாசல்ல, அதாவது தோட்டத்து லைன் வீட்டு வாசல்ல உக்காந்து பேசுது.

"எங்கண்ணன் பேரு வீரமலை. பவுன் மாதிரி மனுசன். டவுன்ல ரொட்டிக் கடையில வேலை. அவருக்கும் சித்தப்பா குடும்பத்துக்கும் இந்தியான்னு வந்துச்சு. எனக்கும் அம்மா அப்பாவுக்கும் இலங்கைன்னு ஆயிருச்சு. எனக்கு அப்ப ஒம்பது வயசு. சீனி கிடைக்காத காலம். அண்ணன் கடையிலேருந்து ஒரு பொட்டலம் கொண்டாருவாரு. பால் ஊத்தாத தேயிலைச் சாயத் தண்ணியில போட்டுக் கலக்க மாட்டாரு, கரைஞ்சு போயிரும்னு. உள்ளங்கையில கொட்டிக்குவாரு. முதல்ல என் பக்கம் கையை நீட்டுவாரு. நான் நக்கினப்புறம்தான் அவரு. ஸ்டேஷன்ல ரயிலேறும்போது, 'போனதும் உன்னைக் கூப்பிட்டுக்குவேன்'னாரு. ரொம்ப நாளு அதையே நினைச்சுக்கிட்டிருந்தேன். இப்ப வரணும்னெல்லாம் ஆசையில்லைங்க. கோபமும் இல்லை. உசுரோட இருந்தா ஒரு தடவை பேசினாப் போதும்."

இதான் சார். இதை என்கிட்ட எதுக்குக் காட்டணும்? ஊர்ல ஆயிரம் பேக்கரி இருக்கு. நான் சொல்லிட்டேன், "பாவம், யாரோ கஷ்டப்பட்ட ஜனம். எனக்கும் இதுக்கும் என்னம்மா சம்பந்தம்? என் பேரு சுதந்திரராஜன்"னு. அந்தம்மா, "சரி சார்"னு லேப்டாப்பை மூடிடுச்சு. அவ்வளவுதான். ஒரு கேள்வி கேக்கணுமில்ல? நிருபரா இருந்த பொம்பளை, ஒரு வார்த்தை மறுத்துப் பேசணுமில்ல? "சரி சார்"னா?

அப்பத்தான் அந்தத் தாடி வச்ச சவுண்டுக்காரரு வந்தாரு. "சார், ஒரு நிமிஷம் எல்லாரும் சும்மா இருங்க. அசையாம, பேசாம இருக்கணும். இந்த அறையோட சத்தத்தைப் பிடிச்சுக்கறேன்." பேச்சு இல்லாத நேரத்துல அறைக்குன்னு ஒரு சத்தம் இருக்குமாம். படத்தை வெட்டி ஒட்டும்போது இடுக்குல போட்டு நிரப்பறதுக்கு அது வேணுமாம். எல்லாப் படத்துக்கும் இப்படித்தான் செய்வாங்களாம். எனக்கு நம்பிக்கை வரல. பேசறதைப் பிடிக்கிறவனைப் பார்த்திருக்கேன் சார், பேசாததைப் பிடிக்கிறவனை அன்னைக்குத்தான் பார்த்தேன். சரின்னு உக்காந்தேன். போர்டுக்குக் கீழயேதான். சத்தத்தைத்தானே பிடிக்கிறாங்கன்னு நினைச்சேன். கேமராவையும் நிறுத்தலைங்கிறது யாருக்குத் தெரியும்?

முன்னால டீ இருந்துச்சு. பால் தீர்ந்து போச்சுன்னு கோகிலம் வெறும் டீயா கொண்டாந்து, சர்க்கரைக் கிண்ணத்தைத் தனியா வச்சிருந்தா. ஸ்பூனை மறந்துட்டா. நான் என்ன செஞ்சேன், ஏது செஞ்சேன்னு எனக்கு நினைப்பில்லை. ஒரு நிமிஷம் அவ்வளவு நீளமா இருக்கும்னு அதுக்கு முன்னாடி எனக்குத் தெரியாது. அடுப்புச் சூட்டுல தகரம் நெளியிற சத்தம்கூடக் கேட்டுச்சு.

அப்புறம் கிளம்பிப் போயிட்டாங்க. மாசக் கணக்கா சத்தமே இல்லை. பொங்கல் கழிச்சு அந்தம்மா மட்டும் தனியா வந்துச்சு. படம் முடிஞ்சிருச்சாம். என்கிட்டக் காட்டிட்டுத்தான் வெளியிடுமாம். காட்டுச்சு.

நான் பேசினது ஒரு வார்த்தை இல்லை சார். காலையிலேருந்து மத்தியானம் வரைக்கும் தொண்டை வறளப் பேசினேனே, ஒரு வார்த்தை! கொடி ஏத்துறது கொஞ்சம் வருது. அப்புறம் அந்த ஹட்டன் பொம்பளை பேசுது. அது முடிஞ்சதும் நான். போர்டுக்குக் கீழ உக்காந்திருக்கேன். பேச்சில்லை, பாட்டில்லை. ஒரு முழு நிமிஷம். சர்க்கரைக் கிண்ணத்தை எடுக்கிறேன். உள்ளங்கையில கொட்டிக்கிறேன். கையைப் பக்கத்துல நீட்டறேன். பக்கத்துல யாரும் இல்லை. காலி ஸ்டூலு. நீட்டின கை அப்படியே கொஞ்ச நேரம் நிக்குது. அப்புறம் வாய்க்குக் கொண்டு போறேன்.

கை சார். கைக்கு என்ன தெரியும்? ஸ்பூன் இல்லை, கையில கொட்டிக்கிட்டேன். ஈ இருந்திருக்கும், தள்ளிப் பிடிச்சிருப்பேன். இதுக்கெல்லாமா அர்த்தம் பார்ப்பாங்க?

அந்தம்மா சொல்லுச்சு. "சார், படத்துலயே இதுதான் எனக்கு முக்கியம். ஆனா உங்களுக்கு வேண்டாம்னா எடுத்துடறேன். சத்தியமா எடுத்துடறேன். நீங்க யாருன்னு நான் படத்துல எங்கயும் சொல்லல, அவங்ககிட்டயும் சொல்லல. யோசிச்சுச் சொல்லுங்க. வேண்டாம்னு ஒரு வார்த்தை போன்ல சொன்னாப் போதும்."

நான் போன் பண்ணல. வேலை இருந்துச்சு. பொங்கல் முடிஞ்சா கல்யாண சீசன், கேக் ஆர்டரு. பண்ணலாம் பண்ணலாம்னு இருந்தேன். அதுவாவே ரெண்டு தடவை கூப்பிட்டுக் கேட்டுச்சு. "பார்க்கலாம்மா"ன்னேன். கடைசியா, "அப்ப வச்சுக்கலாமா சார்?"னுச்சு. "சரி உங்க இஷ்டம்"னு போனை வச்சுட்டேன். இதைச் சம்மதம்னு சொல்ல முடியுமா? நீங்களே சொல்லுங்க. வக்கீலும் இதைத்தான் கேப்பாரு. ஏமாத்தி வாங்கினதுதானே இது?

யூடியூப்ல விட்டாங்க. பஜார் முழுக்கப் பார்த்துட்டாங்க. அதுக்கப்புறம் என்னைச் சுத்தி எல்லாருமே ஒரு மாதிரி ஆயிட்டாங்க சார். சங்கச் செயலாளர் போஜன் வந்தாரு. "தலைவரே, இவ்வளவு நாளா ஒரு வார்த்தை சொல்லலையே? அதுல என்ன இருக்கு? கொடி நீங்கதான் ஏத்தறீங்க. உங்க தங்கச்சி வர்றதா இருந்தா சொல்லுங்க, சங்கத்துச் செலவுல கூட்டியாரலாம்"னாரு. சிரிச்சுக்கிட்டே சொன்னாரு. எதுக்குச் சிரிக்கணும்? எனக்கு ஏது தங்கச்சி? கொடி நீங்கதான் ஏத்தறீங்கன்னு இத்தனை வருஷமா யாராவது எடுத்துச் சொன்னாங்களா? இப்ப மட்டும் எதுக்குச் சொல்லணும்? உள்ள ஏதோ பேச்சு நடக்குதுன்னுதானே அர்த்தம்!

சிலோன் காலனி ஆளுங்க இப்ப தினம் வர்றாங்க. முதலை பன்னு வாங்கறாங்க. வாங்கிட்டு உடனே போறதில்லை. ஒரு கிழவரு என் கையைப் பிடிச்சுக்கிட்டு, "எந்தத் தோட்டம் தம்பி?"ன்னாரு. எழுபது வயசு ஆளைத் தம்பிங்கறாரு. "முசிறி"ன்னேன். "சரி தம்பி, முசிறிதான்"னு கையைத் தட்டிக் கொடுத்துட்டுப் போனாரு. அவர் வாயை அடைக்கறதுக்கு நாலு பன்னு கூடுதலா வச்சுக் கட்டிக் கொடுத்தேன்.

இவங்களையெல்லாம் விடுங்க. வீட்டுல கோகிலம் இருக்காளே, அவதான் எனக்குப் புரியல. அவ இந்த மலையிலேயே பிறந்து வளர்ந்தவ. படத்தைப் பார்த்தா. ஒரு வார்த்தை கேக்கல. சண்டை போட்டிருந்தா பரவாயில்லை. மறுநாள் காலையிலேருந்து எனக்குப் பால் டீ வர்றதில்லை. வெறும் டீ. பக்கத்துல ஒரு சின்னக் கிண்ணத்துல சர்க்கரை. வச்சுட்டு அந்தப் பக்கமா திரும்பிக்கிறா. "எதுக்குடி இது? என்னைச் சோதிக்கிறியா?"ன்னு கத்தினேன். "குடிங்க, ஆறிடும்"னா. அவ்வளவுதான். நான் குடிக்கிறேன். அவ அடுப்படிக்குப் போனப்புறம் குடிக்கிறேன்.

குஞ்சப்பனை செக்போஸ்ட் தாண்டிட்டமா? காது அடைக்குது பாருங்க.

இதுக்கெல்லாம் மேல ஒண்ணு இருக்கு சார். போன். அந்தப் படம் வந்ததிலேருந்து வருது. வெளிநாட்டு நம்பரு, தொண்ணூத்தி நாலுன்னு ஆரம்பிக்குது, இலங்கை நம்பராம். நான் எடுக்கல. பிரமிளாவைக் கூப்பிட்டுக் கிழி கிழின்னு கிழிச்சேன், "யாரைக் கேட்டு நம்பரைக் கொடுத்தே?"ன்னு. "நான் கொடுக்கல சார். உங்க போர்டுல இருக்கே"ன்னுச்சு. பார்த்தீங்களா சூழ்ச்சியை? போர்டைக் காட்டச் சொன்னது நான்தானாம்!

ஏதோ மோசடிக் கும்பல்தான் சார். வேற யாரா இருக்கும்? தினம் காலையில ஒரு தடவை, ஒரே ஒரு தடவை. எடுக்கலைன்னா மறுபடி அடிக்கிறதில்லை. மோசடிக்காரன்னா விடாம அடிப்பான், இது அப்படி இல்லை, அது ஒண்ணுதான் எனக்கு உறுத்துது. அந்த நம்பரைத் தடை பண்ணி விடுங்கன்னு செல் கடைக்காரன் சொன்னான். பண்ணலை. ஆதாரம் வேணுமில்ல, வக்கீலுக்கு?

என்ன பார்க்கறீங்க? ஆமா, என் போன்தான் அடிக்குது. இதோ பாருங்க. நான் சொன்னேன்ல? தொண்ணூத்தி நாலு. இன்னைக்கு ஏன் இவ்வளவு நேரம் கழிச்சுன்னு நானே யோசிச்சுக்கிட்டிருந்தேன்.

சார், ஒரு உதவி. நீங்க எடுங்க. நீங்க மூணாம் மனுஷர், உங்க குரல் யாருக்கும் தெரியாது. வீரமலை இருக்காரான்னு கேப்பா. அப்படி யாரும் இங்க இல்லைம்மா, தப்பான நம்பருன்னு சொல்லிடுங்க. மரியாதையாச் சொல்லுங்க, திட்டிடாதீங்க. வயசான பொம்பளை. எடுங்க சார், கட் ஆயிடப் போகுது. பச்சையைத் தள்ளுங்க. ஆங்.

இருங்க. உடனே சொல்லிடாதீங்க. அந்த ஸ்பீக்கரைப் போடுங்க. என் பக்கமாப் பிடிங்க. இன்னும் கொஞ்சம்.

மூச்சு வாங்குது, கேட்டீங்களா? லயத்துல டவர் எடுக்காது, கோவில் மேட்டுக்கு ஏறி வந்திருக்கும். அது ஏத்தம் சார், சின்ன வயசுலயே அதால ஏற முடியாது, நான்தான் தூக்கிக்கிட்டு...

நீங்க ஒண்ணும் பேசாதீங்க. ஒரு நிமிஷம் சும்மா இருங்க.